வாடகை வழக்கில் உயர் நீதிமன்றத்தின் வாசல் எவ்வளவு அகலம்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வீட்டையோ கடையையோ காலி செய்யச் சொல்லும் உத்தரவுகள் பற்றிய செய்திகளில், “வாடகைதாரரின் மேல்முறையீட்டை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது” என்ற வரி அடிக்கடி வருகிறது. பெரும்பாலான சமயம் அங்கே விசாரிக்கப்பட்டது சீராய்வு மனு (கீழ் உத்தரவில் பிழை உண்டா என்று பார்க்கக் கேட்பது), அல்லது கீழ் நீதிமன்றங்களைக் கண்காணிக்க உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தரும் அரசமைப்புச் சட்டத்தின் 227-வது பிரிவின் கீழ் தாக்கலான மனு. மேல்முறையீடு அதற்கு முன்பே கீழே முடிந்து போயிருக்கும். செய்தி படிப்பவருக்கு இது சின்ன வித்தியாசமாகத் தோன்றலாம். வழக்கில் இருப்பவருக்கு அப்படி இல்லை. கீழே சரியாக நடத்தாத வழக்கை மேலே போய் வென்றுவிடலாம் என்று நம்பிக் கடன் வாங்கிச் செலவழிக்கும் குடும்பங்கள் இருக்கின்றன. உரிமையாளர், வாடகைதாரர் என்ற பேதமே இதில் இல்லை. ஆகவே உயர் நீதிமன்றம் இந்த வழக்குகளில் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல இடம் கேட்கிறேன்.

தமிழ்நாட்டில் ஒரு வாடகைத் தகராறு உயர் நீதிமன்றத்தை எட்டுவதற்கு முக்கியமாக மூன்று வழிகள். 1960-ஆம் ஆண்டின் கட்டடங்கள் (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டத்தின் கீழ் தொடங்கிய வழக்குகள், அந்தச் சட்டம் நீக்கப்பட்ட பிறகும் அதன்படியே நடந்து முடிகின்றன. அவற்றில் வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரியின் உத்தரவை எதிர்த்து 23-வது பிரிவின்படி 15 நாளுக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். அதற்கும் மேலே போக விரும்பினால் 25-வது பிரிவின்படி ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு. 22.2.2019 அன்று நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் (2017-ஆம் ஆண்டின் 42-வது சட்டம்) வாடகை நீதிமன்றத்தின் உத்தரவுக்கு எதிராக வாடகைத் தீர்ப்பாயத்தில் 30 நாளுக்குள் மேல்முறையீடு உண்டு; அதோடு சட்டம் நின்றுவிடுகிறது. பழைய 25-வது பிரிவைப் போன்ற சீராய்வு இதில் இல்லை. மிஞ்சுவது 227 மட்டும்தான். மூன்றாவது வழி, வாடகைச் சட்டத்தின் எல்லைக்கு வெளியே இருக்கும் கட்டடங்களுக்கானது. கோயில், தேவாலயம், பள்ளிவாசல் போன்ற சமயப் பொது அறக்கட்டளைகளுக்கும் பொது அறநிலையங்களுக்கும் சொந்தமான கட்டடங்களுக்கு, 16.8.1976 தேதியிட்ட அரசாணை எண் 2000 பழைய சட்டத்திலிருந்து விலக்கு அளித்தது. அங்கே சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 106-வது பிரிவின்படி நோட்டீஸ் கொடுத்து, சிவில் வழக்குப் போட்டு, முதல் மேல்முறையீடு முடிந்து, சட்டம் சார்ந்த முக்கியக் கேள்வி இருந்தால் மட்டும் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 100-வது பிரிவின் கீழ் இரண்டாம் மேல்முறையீட்டுக்கு வர முடியும்.

மூன்று வழிக்கும் அகலம் வேறு வேறு. ஆனாலும் ஒரு விஷயத்தில் மூன்றும் ஒன்றுதான்: சாட்சி சொன்னது உண்மையா பொய்யா என்று எடைபோட்டுப் பார்க்கும் வேலை கீழேயே முடிந்துவிட வேண்டும்.

இருப்பவற்றில் அகலமாகத் தோன்றுவது பழைய சட்டத்தின் 25-வது பிரிவு. உத்தரவு சரியானதா, சட்டப்படியானதா, முறையானதா என்று ஆவணங்களை வரவழைத்துப் பார்க்கலாம் என்கிறது அது. “சரியானதா” என்ற சொல்லை வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் முதலிலிருந்து அலசலாம் என்று வெகுகாலம் வாதிட்டார்கள். தமிழ்நாட்டிலிருந்து போன ராஜலட்சுமி டையிங் ஒர்க்ஸ் வழக்கில் 1980-லேயே உச்ச நீதிமன்றம் இதற்குக் கட்டுப்பாடு விதித்தது. கீழ் நீதிமன்றத்தின் முடிவோடு உடன்பாடு இல்லை என்பதற்காக மட்டும் உண்மை சார்ந்த முடிவில் உயர் நீதிமன்றம் கைவைக்கக் கூடாது என்றது. பிறகும் தீர்ப்புகள் முன்னும் பின்னுமாக வந்ததால், இந்துஸ்தான் பெட்ரோலியம் வழக்கில் 2014-இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு கேரளம், தமிழ்நாடு, ஹரியானா ஆகிய மூன்று மாநிலச் சட்டங்களையும் சேர்த்தே முடிவு சொன்னது. சான்றே இல்லாமல் எழுதிய முடிவு, முக்கியச் சான்றைப் பார்க்காமல் விட்ட முடிவு, சான்றைத் தவறாகப் படித்து எழுதிய முடிவு, அப்படியே விட்டால் பெரும் அநீதியாகிவிடும் என்ற முடிவு ஆகியவற்றைத் திருத்தலாம். ஆனால் இன்னொரு மேல்முறையீட்டு நீதிமன்றம் போல உட்கார்ந்து சாட்சியத்தை மறுபடி எடைபோட முடியாது.

227 இதைவிடக் குறுகல். இதன் வரலாறு தெரிந்தால் காரணம் புரியும். கீழ் நீதிமன்றங்களைக் கண்காணிக்கும் அதிகாரம் 1861-ஆம் ஆண்டின் உயர் நீதிமன்றங்கள் சட்டத்திலேயே இருந்தது. 1915-ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டத்தில் 107-வது பிரிவாகத் தொடர்ந்தது. 1935-ஆம் ஆண்டுச் சட்டம் நீதித்துறை உத்தரவுகளில் தலையிடும் பகுதியை அதிலிருந்து எடுத்துவிட்டது. அரசமைப்புச் சட்டம் அதைத் திருப்பிக் கொடுத்து, தீர்ப்பாயங்களையும் அதற்குள் கொண்டுவந்தது. 1954-இல் இந்தப் பிரிவை விளக்கிய உச்ச நீதிமன்றத்தின் முன்னோடித் தீர்ப்பே ஒரு வாடகை வழக்கில்தான் வந்தது. கீழ் நீதிமன்றங்களை அவற்றின் அதிகார எல்லைக்குள் நிறுத்துவதற்கான அதிகாரம் இது, வெறும் தவறுகளைத் திருத்துவதற்கானது அன்று என்று அதில் சொல்லப்பட்டது. அதே வழக்கில், வாடகை பாக்கி நிரூபணமான பிறகும் காலி செய்ய உத்தரவிட மறுத்த கீழ் நீதிமன்றங்களின் முடிவில் தலையிட்டது சரி என்றும் முடிவானது. வாசல் குறுகலாக இருந்தாலும் பூட்டியதாக இல்லை என்பதற்கு இது நல்ல சாட்சி. 1997-இல் ஏழு நீதிபதிகள் அமர்வு, 226, 227 ஆகிய பிரிவுகள் தரும் அதிகாரம் அரசமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்தது என்று கூறியதால், எந்த வாடகைச் சட்டமும் இதை எடுத்துவிட முடியாது. ஆனால் சிவில் நீதிமன்றத்தின் நீதித்துறை உத்தரவை எதிர்த்து 226-வது பிரிவில் ரிட் மனு போட முடியாது, 227 மட்டுமே வழி என்று 2015-இல் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவாக்கியது. “ரிட் போட்டுவிடலாம்” என்று யாராவது ஆலோசனை சொன்னால் கட்சிக்காரர் இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

இனி நடைமுறைக்கு வருவோம். மாத வாடகை ரூ.12,000 என்று வைத்துக்கொள்வோம். ஐந்து மாத பாக்கி ரூ.60,000 என்கிறார் உரிமையாளர். வாடகைதாரர் மூன்று மாதத்துக்கான ரூ.36,000-ஐ வங்கி வழியாக அனுப்பியதற்குக் கணக்கு அறிக்கை தாக்கல் செய்கிறார். அது சான்றாவணமாகக் குறியீடும் செய்யப்படுகிறது. உத்தரவில் அந்த ஆவணத்தைப் பற்றி ஒரு வரிகூட இல்லாமல், “ஐந்து மாத பாக்கி நிரூபிக்கப்பட்டுள்ளது” என்று எழுதியிருந்தால், அது உயர் நீதிமன்றம் தலையிடத்தக்க குறை. அதே உத்தரவு அந்த ஆவணத்தை எடுத்துப் பேசி, “இந்த மூன்று தொகையும் முந்தைய ஆண்டு பாக்கிக்காகச் செலுத்தப்பட்டவை, உரிமையாளரின் ரசீதுப் புத்தகம் அதைக் காட்டுகிறது” என்று காரணம் சொல்லியிருந்தால் கதை வேறு. அந்தக் காரணம் நமக்கு ஏற்புடையதாக இல்லாமல் போகலாம். வேறொரு நீதிபதி வேறு முடிவுக்கு வந்திருக்கலாம். 227 அங்கே உதவாது.

சொந்தத் தேவைக்காகக் காலி செய்யக் கேட்கும் வழக்கிலும் இதே கோடுதான். பழைய சட்டத்தின் 10(3)(அ)(i) பிரிவு, அதே ஊரில் உரிமையாளரோ அவர் குடும்பத்தாரோ தமக்குச் சொந்தமான குடியிருப்பில் வசிக்கவில்லை என்பதை ஒரு நிபந்தனையாக வைத்திருக்கிறது. அந்த நிபந்தனையைக் கேள்வியாகக்கூட எழுப்பாமல் காலி செய்ய உத்தரவிட்டால் அது சட்டப் பிழை. எழுப்பி, சான்றைப் பார்த்து, தேவை உண்மையானது என்று இரண்டு நீதிமன்றங்களும் சொல்லிவிட்டால், மகனுக்குத் திருமணம் என்பது உண்மையா என்று உயர் நீதிமன்றத்தில் திரும்பவும் கேட்டுப் பயனில்லை. இடித்துக் கட்டுவதற்காகக் கேட்கும் 14(1)(ஆ) வழக்கில் இன்னும் கறாரான ஒரு நிபந்தனை இருக்கிறது. காலியிடம் கைக்கு வந்த ஒரு மாதத்துக்குள் இடிக்கும் வேலையைப் பெருமளவு தொடங்கி, மூன்று மாதத்துக்குள் முடிப்பதாக உரிமையாளர் உறுதி கொடுக்க வேண்டும். அந்த உறுதியே இல்லாமல் வந்த உத்தரவு சட்டம் கேட்ட நிபந்தனையை மீறியது. இதைப் பல வாடகைதாரர்கள் கவனிப்பதே இல்லை. கட்டடம் உறுதியாக இருக்கிறதா என்ற உண்மைச் சண்டையிலேயே மொத்த நேரத்தையும் செலவழிக்கிறார்கள்.

அதிகார எல்லை பற்றிய கேள்விகள்தான் 227-க்கு மிகவும் பொருத்தமானவை. விலக்கு பெற்ற அறக்கட்டளைக் கட்டடத்துக்கு வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரி உத்தரவிட்டது, நோட்டீஸ் சேராமலே ஒருதலைப்பட்சமாக முடித்தது, பதில் மனுவைப் பெறாமலே முடிவெடுத்தது போன்றவை இந்த வகை. புதிய சட்டத்தில், எழுத்து ஒப்பந்தம் செய்து வாடகை அதிகாரியிடம் பதியாத நிலையில் 21(2)(அ) பிரிவின் கீழ் காலி செய்யக் கேட்கும் மனு நிற்குமா என்ற கேள்வி சென்னை உயர் நீதிமன்றத்தின் முன் 227 வழியாகத்தான் வந்தது. சட்டம் என்ன சொல்கிறது என்பதைப் பற்றிய கேள்வி அது. ஆகவே அங்கே அலசப்பட்டது பொருத்தமே.

வாடகை வாங்க மறுக்கும் உரிமையாளர் விஷயத்தில் அடிக்கடி நேரும் ஒரு தவறையும் சொல்ல வேண்டும். பழைய சட்டத்தின் 8-வது பிரிவு படிப்படியாக ஒரு வழி சொல்கிறது. முதலில் எழுத்து மூலம் நோட்டீஸ் கொடுத்து, 10 நாளுக்குள் வங்கி ஒன்றைக் குறிப்பிடச் சொல்ல வேண்டும். குறிப்பிட்டால் அந்த வங்கியில் செலுத்த வேண்டும். குறிப்பிடாவிட்டால் கமிஷனைக் கழித்துக்கொண்டு மணியார்டரில் அனுப்ப வேண்டும். அதையும் வாங்க மறுத்தால்தான் அதிகாரியிடம் டெபாசிட் செய்ய அனுமதி கேட்கலாம். நடுவில் ஒரு படியைத் தாண்டிவிட்டு நேராக டெபாசிட் செய்தவர்கள், “பணம் முழுக்கக் கட்டியிருக்கிறேனே” என்று உயர் நீதிமன்றத்தில் சொல்லிப் பலன் கிடைப்பதில்லை. இந்தப் படிகளைக் கண்டிப்பாகப் பின்பற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. வழக்கு நடக்கும்போது 11(4) பிரிவின்படி டெபாசிட் செய்யச் சொன்ன தொகையைக் கெடுவுக்குள் கட்டாவிட்டால், வாதத்துக்கே இடமின்றிக் காலி செய்யும் உத்தரவு வரும். அந்தத் தவறை மேலே போய்ச் சரிசெய்வது மிகக் கடினம்.

இடைக்கால உத்தரவுகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. இடத்தைப் பார்த்து அறிக்கை தர வழக்கறிஞர் ஆணையரை நியமிக்க மறுத்தது, மனுவைத் திருத்த அனுமதித்தது, ஒரு ஆவணத்தைக் குறியீடு செய்ய மறுத்தது என்று ஒவ்வொன்றுக்கும் உயர் நீதிமன்றத்துக்கு ஓடுவது பழக்கமாகிவிட்டது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 115-வது பிரிவு 1.7.2002 முதல் இதற்குத் தடை போட்டிருக்கிறது: சீராய்வு கேட்பவருக்குச் சாதகமாக அமைந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்கிற உத்தரவுக்கு மட்டும்தான் சீராய்வு. அந்தக் கதவு மூடியதும் எல்லாரும் 227-க்கு வந்தார்கள். விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில் 2019-இல் உச்ச நீதிமன்றம், சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே மேல்முறையீட்டு வழி இருக்கும்போது 227-ஐ நாடுவதற்கு ஏறத்தாழ முழுத் தடையே உண்டு என்றது. மேல்முறையீட்டுக் கெடு 30 நாள் ஓடிக்கொண்டிருக்கும்போது 227 மனுவோடு காத்திருந்து, அது ஏற்கப்படாமல் திரும்பி, இரண்டையும் இழப்பவர்கள் இருக்கிறார்கள்.

(விவசாயக் குத்தகையை இதனோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். 1955-ஆம் ஆண்டின் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தின் 6-பி பிரிவு, வருவாய் நீதிமன்ற உத்தரவுகளை உயர் நீதிமன்றச் சீராய்வுக்கு உட்படுத்துகிறது. அது தனிப் பாதை.)

இந்தக் கட்டுப்பாடு சரியா? சரி என்றே நினைக்கிறேன், அழுத்தமாகவே நினைக்கிறேன். இரண்டு நீதிமன்றங்களில் வென்ற வாடகைதாரரைச் சென்னைக்கோ மதுரைக்கோ இழுத்து மூன்றாவது முறையாக அதே சாட்சியத்தைப் பேச வைப்பது அநியாயம். வயதான உரிமையாளர் தன் வீட்டில் குடியேறக் கேட்ட வழக்கு, சாட்சியத்தை மூன்றாம் முறை அலசும் அளவுக்கு நீண்டால், அவர் அந்த வீட்டைப் பார்க்காமலே போய்விடலாம். ஆனால் இந்தக் கட்டுப்பாட்டுக்கு ஒரு விலை உண்டு. அதை வாடகைத் தீர்ப்பாயங்கள் கொடுத்தாக வேண்டும். புதிய சட்டத்தில் உண்மைகளை எடைபோடும் கடைசி இடம் அவைதான். விசாரணையோ சுருக்கமானது. மனுவும் பதில் மனுவும் பிரமாணப் பத்திரமும் ஆவணமும்தான் பெரும்பாலும். நீதிக்குத் தேவைப்பட்டால் மட்டுமே சாட்சியை விசாரிப்பதும் குறுக்கு விசாரணையும். இவ்வளவு சுருங்கிய விசாரணைக்கு மேலே உள்ள மேல்முறையீட்டில், “கீழ் நீதிமன்றம் சரியாகவே முடிவெடுத்துள்ளது, தலையிடக் காரணமில்லை” என்று இரண்டு வரியில் உத்தரவு வந்தால், தோற்றவரின் ஆவணத்தை யாருமே படிக்கவில்லை என்றாகிவிடும்.

சிவில் மேல்முறையீட்டுத் தீர்ப்பில் என்ன இருக்க வேண்டும் என்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 31 சொல்கிறது: முடிவு செய்ய வேண்டிய பிரச்சினைகள், ஒவ்வொன்றிலும் எடுத்த முடிவு, அதற்குக் காரணம். வாடகைத் தீர்ப்பாயம் சிவில் நடைமுறைச் சட்டத்தால் எழுத்துக்கு எழுத்து கட்டுப்பட்டதில்லை. இயற்கை நீதியின் கோட்பாடுகளே அதற்கு வழிகாட்டி. எனினும் காரணம் சொல்வதும் இயற்கை நீதியில் அடங்கும். ஒவ்வொரு சான்றாவணத்தையும் எண் சொல்லிக் குறிப்பிட்டு, ஏற்றோமா இல்லையா, ஏன் என்று இரண்டு வாக்கியம் எழுதினாலே போதும். உயர் நீதிமன்றத்துக்கு வரும் மனுக்களில் பல தொடக்கத்திலேயே முடிந்துவிடும். அப்படி எழுதாத உத்தரவு மேலே போனால் பெரும்பாலும் என்ன ஆகிறது? ரத்து செய்து, மறுபடி விசாரிக்கத் திருப்பி அனுப்புகிறார்கள். இரண்டு தரப்புமே புறப்பட்ட இடத்துக்கே வந்து நிற்கின்றன.

கட்சிக்காரர் செய்ய வேண்டியதும் இதிலிருந்தே வருகிறது. ரசீது, வங்கி அறிக்கை, மணியார்டர் திரும்பிய உறை, நோட்டீசின் ஒப்புகை அட்டை, உள்ளூர் வரி ரசீது எல்லாம் முதல் நீதிமன்றத்திலேயே தாக்கலாகி, குறியீடு செய்யப்பட்டிருக்க வேண்டும். உயர் நீதிமன்றத்தில் புதிய ஆவணம் கொண்டுவருவது அரிதாகவே அனுமதிக்கப்படும். மேல்முறையீட்டு மனுவின் காரணங்களில், எந்த ஆவணம் கவனிக்கப்படவில்லை என்று அதன் எண்ணோடு எழுதுங்கள். வாதம் முடிந்ததும் அதையே எழுத்து வாதமாகவும் கொடுங்கள். பின்னால் 227-இல் “இதை நான் சொன்னேன், கேட்கவில்லை” என்று காட்டுவதற்கு அதுதான் பிடிமானம். உத்தரவு வந்த அன்றே நகல் மனு போடுங்கள். 227-க்குச் சட்டம் கெடு வைக்கவில்லைதான். ஆனால் காரணம் சொல்லாமல் தாமதித்தால் அதுவே மனுவைத் தள்ள ஒரு காரணமாகும். வென்றவர், எதிர்த்தரப்பு தனக்குத் தெரியாமல் தடை வாங்கிவிடாமலிருக்க கேவியட் தாக்கல் செய்யலாம். அது 90 நாள் செல்லும். பிறகு புதிதாகப் போட வேண்டும்.

தடையுத்தரவில்தான் என் பெரிய கவலை. சீராய்வு மனுவுக்கு எண் கிடைத்த மாத்திரத்தில் கீழ் உத்தரவு நின்றுவிடும் என்று பலரும் நினைக்கிறார்கள். நிற்காது. தனியாகத் தடை மனு போட்டு உத்தரவு வாங்காவிட்டால், நிறைவேற்று மனுவில் நீதிமன்ற ஊழியரான அமீனா வந்து பூட்டை உடைக்கலாம். மறுபுறம், நிபந்தனையே இல்லாமல் தடை கொடுத்தால், தலையீட்டுக்குக் குறுகிய எல்லை வகுத்ததன் பயன் முழுதும் போய்விடுகிறது. மனு கடைசியில் தோற்கத்தான் போகிறது, ஆனால் அதுவரை பழைய வாடகையில் ஆண்டுக்கணக்கில் இருக்கலாம் என்பதே சிலருக்குப் போதுமான லாபம். ஆத்மராம் பிராப்பர்டீஸ் வழக்கில் (2005) உச்ச நீதிமன்றம் இதற்கு வழி காட்டியது. காலி செய்யும் உத்தரவு வந்த நாளிலிருந்து, அந்த இடம் சந்தையில் என்ன வாடகைக்குப் போகுமோ அதற்கு ஈடான தொகையைச் செலுத்தும்படி தடைக்கு நிபந்தனை விதிக்கலாம் என்றது. இந்த நிபந்தனையை முதல் நாளிலேயே விதிக்க வேண்டும். அதே சமயம் சந்தை வாடகையை ஊகத்தில் சொல்லக் கூடாது. அதே தெருவில் பதிவான ஒப்பந்தங்களை உரிமையாளர் தாக்கல் செய்யட்டும். வாடகைதாரர் மறுப்புச் சொல்லட்டும். ஆதாரம் எதுவுமே இல்லாமல் மூன்று மடங்கு, நான்கு மடங்கு என்று நிர்ணயித்தால், நியாயமான மனு வைத்திருக்கும் ஏழை வாடகைதாரர் அதைக் கட்ட முடியாமலே வெளியேற நேரும். நிபந்தனை கட்டத் தவறினால் தடை தானாக விலகும் என்று உத்தரவில் இருந்தால், அதற்காக இன்னொரு மனு, இன்னொரு வாய்தா என்ற சுற்றும் தவிர்க்கப்படும்.

தங்கள் நாளிதழுக்கு ஒரு வேண்டுகோள். இத்தகைய செய்திகளில் மனு எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் தாக்கலானது, கீழ் நீதிமன்றங்கள் என்ன முடிவு சொல்லியிருந்தன, காலி செய்ய எத்தனை மாத அவகாசம் கிடைத்தது என்ற மூன்றையும் சேர்த்து வெளியிடுங்கள். கடைசியாகச் சொன்னதும் முக்கியம். மனு தள்ளுபடியாகும் நாளில் நீதிமன்றம் பெரும்பாலும் சில மாத அவகாசம் தருகிறது. பதிலுக்கு, குறித்த தேதியில் காலி செய்வேன், வேறு யாரையும் குடியமர்த்த மாட்டேன், அதுவரை வாடகை தவறாமல் கட்டுவேன் என்று வாடகைதாரரிடம் உறுதிப் பிரமாணப் பத்திரம் வாங்குகிறது. அந்தப் பத்திரத்தில் கையெழுத்திட்டுவிட்டு மீறினால் அது நீதிமன்ற அவமதிப்பு. அவகாசம் வேண்டுமென்று கேட்கும்போது, கையெழுத்துப் போடும் முன் அந்தத் தேதியில் போய்ச் சேர வேறு வீடு கிடைக்குமா என்பதைப் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
வாடகை வழக்குகளை நடத்திவரும் வழக்கறிஞர் ஒருவர்